தூசி ஒட்டாத முதுகு

மூடிச் சில்லு: எல்லாம் முடிந்தபின் எழுதி மேலே வைத்தது

எல்லாம் நான் முன்னாலேயே சொன்னதுதான். என் மருமகன் தாமிஸ் ஒலிம்பியாவில் மல்யுத்தத்துக்கான ஒலிவ முடியைச் சூடுவான் என்று, அவன் தொட்டிலில் கிடந்து காலை உதைத்த நாளிலேயே சொன்னேன். "கொழந்தைக்கு வயித்து வலிடா மீக்கோன்" என்றாள் அக்கா. யார் சொன்னது பலித்தது என்று இப்போது ஊரே பார்த்துவிட்டது.

இவை எண்ணெய்ச் சாடி உடைந்த சில்லுகள். எலிஸ் நகரத்துப் பயிற்சிக்கூடத்தின் பின்புறம் மலைமலையாகக் கிடக்கும். ஆணியால் கீறினால் எழுத்து நிற்கும். பெரிய சில்லு கிடைத்த நாளில் நிறைய எழுதினேன், சின்னது கிடைத்த நாளில் சுருக்கினேன். உண்மை இரண்டிலும் ஒரே அளவுதான்.

படிப்பவர்கள் ஐயப்பட வேண்டாம். நான் இரண்டு குளிர்காலம் பள்ளிக்கூடம் போனவன். மூன்றாவதுக்கு வாத்தியார் தாங்கவில்லை.

முழுநிலவுக்கு முப்பத்திரண்டு நாள்

எலிஸ் வந்து சேர்ந்தோம். எங்கள் மலையூரிலிருந்து ஆறு நாள் நடை. நான் நான்கு என்று சொல்லிக்கொண்டிருக்கிறேன். வழியில் கழுதை என் செருப்பு வாரைத் தின்றுவிட்டது.

போட்டி ஒலிம்பியாவில் என்றாலும், ஒரு மாதம் முன்பே எல்லோரும் இங்கே வந்துவிட வேண்டும். நடுவர்கள் கண்முன்னால் பயிற்சி. சொன்னபடி கேட்காதவனுக்குப் பிரம்படி. பெயர் பதிந்துகொண்ட நடுவர், "பயிற்சியாளர் யாரு?" என்றார்.

"நான்தான். அவனுக்குத் தாய்மாமன். நாலு ஒலிம்பியாவுக்கு முன்னால நானும் இதே கூடத்துல பயிற்சி எடுத்தவன். கை முறிஞ்சதால போட்டியில நிக்க முடியல."

பக்கத்தில் ஒரு கிழவர் பிரம்போடு நின்றார். சோசியாஸ் என்று பெயர். நாற்பது வருடமாக இங்கே பிரம்பு பிடிப்பவராம். என்னையே பார்த்தார்.

"எந்தக் கை?"

"இடது கை."

"அப்படியா. எனக்கு என்னமோ கூடத்துக்குப் பின்னால ஆடு போற பாதைதான் ஞாபகம் வருது" என்றார்.

வயதாகிவிட்டால் ஆளை ஆளோடு குழப்பிக்கொள்வார்கள். பாவம்.

படுக்கப் போகும்முன் தாமிஸ் எண்ணெய்க் குப்பியைக் கழுவிக்கொண்டே பேசினான். அவனுக்கு இருபத்திரண்டு வயது. அப்பன் விட்டுப்போன கோவேறு கழுதைகளை ஓட்டுகிறான். அக்கா கறாராகச் சொல்லி அனுப்பியிருக்கிறாள்: ஒரே தடவை. தேறினால் மல்லன், தேறாவிட்டால் கழுதை. எங்கள் ஊரில் அவனோடு மல்லுக்கட்ட இரண்டே பேர்தான், கொல்லனும் கொல்லன் தம்பியும். இரண்டு பேருக்கும் ஐம்பது தாண்டிவிட்டது.

"நான் நெசமாவே மல்லனா இல்லியான்னு எனக்குத் தெரியல மாமா. ஊர்ல சொல்றவங்க எல்லாம் ஒரு மல்லனயும் பாத்ததில்ல. இங்க ஆறு பேரு வந்திருக்காங்க. ஒருத்தன்கூட நின்னாப் போதும், தெரிஞ்சிடும். தோத்தாலும் பரவால்ல."

தோற்பது பற்றிப் பேசுவது சகுனத்துக்கு ஆகாது என்று அவன் வாயை அடைத்தேன்.

முப்பது

அந்த ஆறு பேரையும் இன்று பார்த்தேன். ஒருவனுடைய கழுத்து என் தொடை அளவு இருக்கிறது. என் தொடை சின்னதல்ல. தெஸ்பியா ஊர்க்காரன் அல்கிமோஸ் என்று ஒருவன், ஒல்லிதான். ஆனால் அவன் நடந்தால் தரை அவனுக்குச் சொந்தம் போலிருக்கிறது.

சாப்பாடு இறங்கவில்லை. வெயில் காரணம்.

இருபத்தொன்பது

எண்ணெய் வாங்க வரிசையில் நின்றேன். பெரிய கழுத்துக்காரனின் பயிற்சியாளன் எனக்கு முன்னால் நின்றான்.

"உங்க ஆளு புருவத்துல ஏதோ தழும்பு இருக்கே, என்னது?"

அது ஆட்டுக்கிடா முட்டியது. எட்டு வயதில். ஆனால் ஒலிம்பியாவுக்கு வந்திருக்கும் மல்லனுக்குக் கிடா முட்டியது என்று எப்படிச் சொல்வது?

"போன வருசம் ஒரு ஆளு அடிச்சான்."

"அந்த ஆளு இப்ப எங்க?"

இதற்கு நான் எதுவும் சொல்லவில்லை என்பதை இங்கே பதிகிறேன். தலையைக் குனிந்துகொண்டேன், அவ்வளவுதான். அவனே, "செத்துட்டானா?" என்றான். நான் குனிந்த தலையை நிமிர்த்தவில்லை. என் குப்பியில் எண்ணெய் கொஞ்சம் அதிகமாகவே ஊற்றினார்கள்.

இருபத்தெட்டு

துணி துவைத்தேன். செத்தவனுக்கு ஒரு பெயர் வைத்தேன்.

இருபத்தைந்து

அவன் பெயர் டிரோமாஸ். தெகேயா பக்கத்துக் கல்லுடைப்பவன். தாமிஸ் அவனை இடுப்போடு பிடித்துத் தூக்கி இறக்கியபோது முதுகெலும்பு காய்ந்த விறகு மாதிரி சத்தம் போட்டது. பத்துப் பேர் கேட்டார்கள். இதை நான் மூன்று இடத்தில் சொன்னேன். நான்காவது இடத்தில் அவர்களே எனக்குச் சொன்னார்கள், அங்கே பத்துப் பேர் ஐம்பதாகியிருந்தார்கள். மனிதர்கள் எவ்வளவு பொய் சேர்க்கிறார்கள் பாருங்கள்.

இருபத்துமூன்று

தாமிஸ் வாடிய முகத்தோடு வந்தான்.

"என்னமோ தப்பா இருக்கு மாமா. கைய வெச்சாப் போதும், விழுந்துடறாங்க. இன்னிக்கு ஒருத்தன் நான் கைய வைக்கிறதுக்கு முன்னாடியே விழுந்துட்டான்."

"உன் பலம் அப்படி மாப்ளே."

"தண்ணித்தொட்டிகிட்டப் போனா வழி விட்டு நிக்கிறாங்க. நான் யாருக்கு என்ன செஞ்சேன்?"

சுரண்டியை எடுத்து அவன் முதுகிலிருந்த எண்ணெயை வழித்தேன். மற்றவர்கள் முதுகில் வழித்தால் எண்ணெயும் மண்ணும் சேர்ந்து களியாக வரும். இவன் முதுகில் வெறும் எண்ணெய்தான் வந்தது. எவ்வளவு சுத்தம். பெருமையாக இருந்தது.

பத்தொன்பது

இன்று பெரிய சில்லு. ஆனால் எழுத விருப்பமில்லாத நாள்.

அத்திப்பழம் பொறுக்கிக்கொண்டிருந்தேன். அல்கிமோஸ் வந்து என் எதிரில் குத்துக்காலிட்டு உட்கார்ந்தான். நல்ல மரியாதைக்காரன். முதலில் என் அக்கா நலமா, ஊரில் மழை உண்டா என்றெல்லாம் கேட்டான். பிறகு கேட்டான்:

"பெரியவரே, மறைக்காமச் சொல்லுங்க. அந்தக் கல்லுடைக்கிறவன் எப்படிச் செத்தான்? அவன் ஏதாச்சும் தப்பான பிடி போட்டானா, இல்ல உங்க பையன் வேணும்னு செஞ்சானா?"

"ஏன் கேக்குற தம்பி?"

"எனக்கு ரெண்டு பொண்ணு. பெரியவளுக்கு அஞ்சு வயசு. தோக்கறதுக்குப் பயமில்ல, ஏழு தடவ தோத்திருக்கேன். ஆனா சாகறதுக்கு வரல நான். இவன் கோபக்காரனா, நிதானமானவனான்னு மட்டும் தெரிஞ்சாப் போதும்."

அந்த இடத்தில் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். நாக்கு நுனி வரை வந்தது. ஆனால் டிரோமாஸ் அதற்குள் எனக்கே பழக்கமாகிவிட்டான். அவனை இல்லை என்று சொல்வது, இருந்தவனைக் கொல்வது மாதிரி இருந்தது.

"டிரோமாஸுக்கும் ரெண்டு பிள்ளைங்கதான்" என்றேன்.

அல்கிமோஸ் நன்றி சொல்லிவிட்டு எழுந்து போனான்.

ஆணி மழுங்கிவிட்டது.

பதினைந்து

ஈ. ஈயைத் தவிர எழுத எதுவுமில்லை.

பன்னிரண்டு

தாமிஸ் மண்மூட்டையோடு மல்லுக்கட்டுகிறான். ஆள் கேட்டு நடுவரிடம் போய் நின்றானாம். நடுவர் ஒருவனை அனுப்பினார், அவனுக்குத் திடீரென்று வயிற்றுப்போக்கு. இன்னொருவனுக்குக் கனவில் இறந்த தாத்தா வந்து தடுத்தாராம்.

சோசியாஸ் என் பக்கத்தில் வந்து நின்றார்.

"நல்லா பிடிக்கிறான் உன் மருமகன். காலு மட்டும் கொஞ்சம் அகலமா வைக்கிறான். மூட்ட அதச் சொல்லித் தராது."

"பரவால்ல, ஜெயிச்சிடுவான்."

"நீ அன்னிக்கு ஓடும்போது உனக்கும் இதே வயசுதான் இருக்கும். ஏன் ஓடினேன்னு நான் கேக்கல. நான் பிரம்பு பிடிக்கிறவன், பாதி நாள் நானும் ஓடிருக்கணும்னு நெனச்சவன்தான். ஆனா நீ உன் காலத் தூக்கிட்டு ஓடின. இப்ப மத்தவன் காலத் தூக்கி ஓட வைக்கிற."

கை முறிந்த கதையை அவருக்கு விவரமாகச் சொன்னேன். வலது கை எந்த இடத்தில் முறிந்தது என்று தொட்டுக்கூடக் காட்டினேன். சிரித்துக்கொண்டே போய்விட்டார்.

நான்கு

இன்று எலிஸிலிருந்து ஒலிம்பியாவுக்குப் புறப்பாடு. இரண்டு நாள் நடை. கிளம்பும்முன் நடுவர் எல்லோரையும் நிற்க வைத்துப் பேசினார். ஒலிம்பியாவுக்குத் தகுந்தபடி உழைத்தவர்கள் துணிந்து வரலாம். மற்றவர்கள் எங்கே வேண்டுமோ அங்கே போகலாம் என்றார். இந்த வாசலில் திரும்பிப் போகிறவனுக்கு அவமானமில்லை. இதைத் தாண்டிப்போய் விலகினால்தான் கேவலம்.

ஓட்டக்காரர்கள் நகர்ந்தார்கள். குத்துச்சண்டைக்காரர்கள் நகர்ந்தார்கள். மல்லர்களில் பெரிய கழுத்துக்காரன் முதலில் வரிசையை விட்டு விலகினான். அவன் பின்னால் ஒருவர் ஒருவராக நான்கு பேர். கடைசியாக அல்கிமோஸ். அவன் தாமிஸைப் பார்த்துத் தலையசைத்துவிட்டு விலகினான்.

தாமிஸ் அந்த நீளமான சாலையில் மல்லர்களுக்கான இடத்தில் தனியாக நடந்தான். நான் முன்னாலேயே சொன்னேன், இவனுக்கு ஈடாக ஒருவனும் நிற்கமாட்டான் என்று. சொன்னபடியே நடந்தது.

அவன் வழிநெடுக என்னோடு பேசவில்லை. மூச்சை மிச்சம் பிடிக்கிறான்.

இரண்டு

ஒலிம்பியா. தேவர்கள் குடியிருக்கும் ஒலிம்பஸ் மலை இங்கே இருக்கும் என்று தாமிஸுக்குச் சொல்லிக்கொண்டு வந்தேன். சின்னக் குன்று ஒன்றுதான் இருக்கிறது. இத்தனை கூட்டம் வருடக்கணக்காக ஏறி இறங்கினால் எந்த மலையும் தேயும்தானே.

ஜீயஸ் சிலை முன்னால் சத்தியம் வாங்கினார்கள். காட்டுப்பன்றி இறைச்சித் துண்டங்களின் மேல் நின்று, போட்டிக்குக் களங்கம் செய்யமாட்டோம் என்று போட்டிக்காரனும் சொல்லவேண்டும், பயிற்சியாளனும் சொல்லவேண்டும். சிலையின் இரண்டு கையிலும் இடி. சத்தியம் தப்பினவனுக்காம்.

நான் சொன்னேன். எனக்கு இன்று தொண்டை கட்டியிருந்ததால் சத்தம் அதிகம் வரவில்லை. அதோடு, களங்கம் என்றால் பிடியில் செய்வது. பேச்சு அதில் சேராது. யாரையும் கேட்கவில்லை, எனக்கே தெரியும்.

முழுநிலவு

நூறு எருது பலி. எங்களுக்குத் தொடைக்கறி கிடைத்தது. தாமிஸ் தன் பங்கை நாய்க்குப் போட்டான்.

முழுநிலவுக்கு மறுநாள்

தாமிஸ் எண்ணெய் பூசிக்கொண்டு, மேலே தூவும் பொடியைக் கையில் வைத்துக்கொண்டு, மணலில் நின்றான். கட்டியக்காரன் மல்லர்களை அழைத்தான். இவன் மட்டும். மறுபடி அழைத்தான். யாரோடு யார் மோதுவது என்று வெள்ளிக் குடத்தில் சீட்டுப் போடுவதற்கு இன்னொரு ஆள் வேண்டுமே. மூன்றாம் தடவையும் அழைத்தான்.

நாற்பதாயிரம் பேர். அத்தனை பேரும் ஒரு ஈ பறப்பதைக் கேட்டார்கள்.

நடுவர் எழுந்து, "தூசி படாமல் வென்றான்" என்று அறிவித்தார். இது மிக அபூர்வமான வெற்றி. எதிராளியே இல்லாமல், முதுகு மட்டுமல்ல, பாதம்கூட அழுக்காகாமல் வருவது. கூட்டத்தில் பாதி கைதட்டியது. பாதி, மதியச் சாப்பாட்டுக்கு முன் பார்க்க ஒன்றும் இல்லையே என்று முணுமுணுத்தது.

தாமிஸ் கையிலிருந்த பொடியைக் கீழே கொட்டினான். அதைக் கொட்ட வெகுநேரம் எடுத்துக்கொண்டான்.

வெயிலில் கண் கூசி அவனுக்குத் தண்ணீர் வந்தது. எனக்கும் வந்தது.

அதற்கும் மறுநாள்

விடியலில் கண் விழித்தால் தாமிஸின் பாயில் ஆளில்லை. தேடிக்கொண்டு ஆற்றுப் பக்கம் போனேன். அல்பியோஸ் ஆற்று மணலில் இவனும் அல்கிமோஸும் நின்றார்கள். அல்கிமோஸ் வேடிக்கை பார்ப்பவனாக ஒலிம்பியாவுக்கு வந்து தங்கியிருந்திருக்கிறான். நான் நாணலுக்குள் உட்கார்ந்தேன். ஒளிந்தேன் என்று சொல்லமுடியாது. நாணல் உயரமாக இருந்தது.

"தழும்பு கிடா முட்டினது" என்றான் தாமிஸ். "நான் இதுவரைக்கும் யாரயும் கொன்னதில்ல. கொல்லனோட தம்பிக்கு ஒரு தடவ இடுப்பு பிடிச்சிக்கிச்சு, அவ்வளவுதான்."

"நேத்து நீ பொடிய கொட்டின விதத்தப் பாத்தப்பவே எனக்குத் தெரிஞ்சு போச்சு" என்றான் அல்கிமோஸ். "வா. மூணு வீழ்ச்சி. யாரும் பாக்கல."

மூன்று வீழ்ச்சி நடந்தது. மூன்றையும் நான் பார்த்தேன். மூன்று தடவையும் தாமிஸ் அல்கிமோஸை மணலில் மல்லாத்தினான். முதலாவது வேகமாக முடிந்துவிட்டது. இரண்டாவது கொஞ்சம் நீண்டது. மூன்றாவதில் இருவரும் ஒரே மரம் மாதிரி வெகுநேரம் நின்று, சூரியன் மேலே வந்தபின்தான் விழுந்தார்கள். முடிந்ததும் அல்கிமோஸ் கை கொடுத்துத் தாமிஸைத் தூக்கிவிட்டான். ஜெயித்தவனுக்குக் களைப்பு அதிகம். தாமிஸின் முதுகெல்லாம் மணல். ஆற்றங்கரையில் காற்று அதிகம்.

தாமிஸ் சிரித்தான். ஒரு மாதத்தில் முதல் தடவை. அடிவயிற்றிலிருந்து, மூச்சு வாங்க வாங்க, சின்னப் பிள்ளை மாதிரி.

தன்னை நான்கு வருடம் கூட இருந்து பழக்கச் சொல்லி அல்கிமோஸ் கெஞ்சினான். தாமிஸும் சரி என்றுவிட்டான். தெஸ்பியாவுக்குப் போய் அவனுக்கு மல்யுத்தம் சொல்லிக் கொடுக்கப்போகிறான்.

அல்கிமோஸ் போனபின், "வெளிய வா மாமா. நாணல் ஆடுது" என்றான்.

வந்தேன்.

"ஆறு பேரு மாமா. வருசக்கணக்கா உழைச்சவங்க. ஒத்த வார்த்தையில வீட்டுக்கு அனுப்பிட்ட."

"உன்னக் காப்பாத்தத்தான்டா."

"எதுலேர்ந்து?"

இதற்குப் பதில் சொல்ல, என் கை முறிந்த கதையிலிருந்து தொடங்க வேண்டியிருந்தது. தொடங்கினேன்.

"எந்தக் கை மாமா?" என்றான்.

நான் கொஞ்சம் யோசித்தேன். யோசித்ததுதான் தவறு.

அவன் கோபப்படவில்லை. என் தோளில் கை வைத்தான். கையெல்லாம் மண். "முடிய வாங்கி உன்கிட்டத் தரேன், நீ ஊருக்குக் கொண்டு போ. ஊர்க்காரங்ககிட்ட உனக்குத் தோணினதச் சொல்லிக்கோ. அம்மாகிட்ட மட்டும் இந்த ஆத்தங்கரைய நடந்தது நடந்தபடி சொல்லு. அவங்கதான கேட்டாங்க, தேறினேனா இல்லியான்னு."

மாலையில் ஒலிவ முடியைச் சூட்டினார்கள். தலையில் அது உட்காரவில்லை. காது வரை இறங்கிவிட்டது.

முழுநிலவுக்குப் பின் ஒன்பதாம் நாள்

ஊர். வென்றவன் வந்தால் மதிற்சுவரில் கொஞ்சம் இடித்து அந்த வழியாக உள்ளே அழைப்பது வழக்கம். இப்படிப்பட்ட வீரன் இருக்கும் ஊருக்குச் சுவர் எதற்கு என்று அர்த்தம். எங்கள் சுவர் இடுப்பு உயரம்தான், ஆடு தாண்டும். இருந்தாலும் முறையாக இடித்தார்கள். தாமிஸ் இல்லாததால் நானே முடியைத் தாங்கி உள்ளே போனேன். கொல்லனும் தம்பியும் அழுதார்கள். ஆற்றங்கரை மல்யுத்தத்தை ஏழு தடவை சொன்னேன்.

பத்தாம் நாள்

கல்தச்சன் வந்தான். ஊர் தாமிஸுக்கு வைக்கப்போகும் சிலையின் பீடத்தில் என்ன வெட்டவேண்டும் என்று கேட்டான்.

"தாமிஸ், மூன்று முறை வீழ்த்தியவன். அப்படி வெட்டு" என்றேன்.

அக்கா உரலில் வாற்கோதுமை குத்திக்கொண்டிருந்தாள். உலக்கையை நிறுத்தாமல் கேட்டாள்.

"அவன் முதுகுல மண்ணு ஒட்டிச்சாடா?"

நான் பதில் சொல்வதற்குள் இன்னும் நான்கு குத்து குத்தினாள். கல்தச்சனை, நாளைக்கு வா என்று அனுப்பினேன். பிறகு அக்கா பக்கத்தில் உட்கார்ந்து சொன்னேன். அவள் குறுக்கே பேசாமல் கேட்டாள். கடைசியில் உலக்கையைச் சுவரில் சாத்திவிட்டு, "அப்போ கழுதைகள வித்துடலாம்" என்றாள்.

கல்லில் "தூசி படாமல் வென்றான்" என்று மட்டும் வெட்டச் சொல்லப்போகிறேன். நடுவர் சொன்ன வார்த்தை அது, யாரும் குறை சொல்ல முடியாது.

இதுதான் கடைசிச் சில்லு. இவற்றில் உள்ளவை எல்லாம் நடந்தது நடந்தபடி, என் கை முறிந்தது உட்பட. ஒன்றை மட்டும் நான் மாற்றிக் கீறியிருக்கிறேன். அன்று ஆற்று மணலில் மூன்று தடவையும் மல்லாந்து விழுந்தவன் தாமிஸ். "மூணாவதுல என் மூச்சே நின்னு போச்சு. நாலு வருசம் என்கூட இரு, உன்னை எவனும் தள்ள முடியாது" என்று சொன்னவன் அல்கிமோஸ்.